கடலைப் பார்க்காமலே கடல் தாண்டினோம்: லண்டன் - பாரிஸ், ஒரே நாளில்

செவ்வாய், ஈஸ்ட் ஹாம் (லண்டன்)

நாளை விடிகாலை கிளம்பி பாரிஸ் போய்விட்டு இரவே லண்டன் திரும்புகிறோம். நானும் அத்தையும் மட்டும். வீட்டுக்காரருக்கு கோயம்புத்தூரில் லீவு கிடைக்கவில்லை. கொழுந்தனுக்கு இங்கே ஆபீஸ். பிரெஞ்சில் ஒரு வார்த்தை தெரியாத இரண்டு பெண்கள், அதில் ஒருவருக்கு முட்டிவலி. அதனால் கைடு கூடவே வரும் ஒருநாள் டூரில் கொழுந்தனே பதிந்து கொடுத்துவிட்டார். ஆளுக்கு 260 பவுண்டு. போக வர யூரோஸ்டார் ரயில் டிக்கெட், பாரிஸில் பஸ், ஈஃபில் கோபுரத்தில் இரண்டாம் தளம் வரை லிஃப்ட், செய்ன் நதியில் ஒரு மணி நேரம் படகு. சாப்பாடு நம் பாடு.

தொகையைக் கேட்டதும் அத்தை மகனைப் பிடித்துக்கொண்டார். "ஒரு நாளுக்காடா இவ்ளோ காசு? ஒரு பஸ்ஸே பேசி ஊரையே பழனிக்குக் கூட்டிட்டுப் போயிட்டு வந்துரலாம்."

காசைவிடப் பெரிய வேலை விசா. நம் பாஸ்போர்ட்டில் லண்டன் வந்தவர்கள் பாரிஸைத் தொட்டுவிட்டு வர வேண்டுமானால் இரண்டு விசா வேண்டும். பிரிட்டனுடையது ஒன்று, பிரான்ஸ் உள்ளிட்ட ஐரோப்பிய நாடுகளுக்கான ஷெங்கன் ஒன்று. இங்கே வந்தபிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடாதீர்கள். ஊரிலேயே இரண்டையும் வாங்கிவிடுவது நல்லது. பிரான்ஸில் ஒரு நாள் இருந்தாலும் ஒரு மாதம் இருந்தாலும் கேட்கும் காகிதம் ஒன்றுதான்: பேங்க் ஸ்டேட்மென்ட், 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடு, போக வர டிக்கெட், கைரேகை, 90 யூரோ கட்டணம். சென்னை விசா மையத்தில் அத்தையின் பத்து விரல் ரேகையும் மெஷினில் விழ அரை மணி நேரம் ஆனது. அறுபது வருஷம் பாத்திரம் தேய்த்த விரல்கள் அவை. இன்னொன்று: பிரிட்டன் விசா பலமுறை நுழையக்கூடியதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். சாதாரண விசிட்டர் விசா பெரும்பாலும் அப்படித்தான் வரும். இல்லையென்றால் இரவு திரும்பி வர வழியில்லாமல் நிற்க வேண்டியதுதான்.

இப்போது சமையலறையில் விவாதம் நடக்கிறது. அத்தை சுத்த சைவம், வெளியில் சாப்பிடமாட்டார். வழக்கமாகப் பயணம் என்றால் தயிர்சாதம். ஆனால் பிரிட்டன் ஐரோப்பிய ஒன்றியத்தை விட்டு வெளியேறிய பிறகு, இங்கிருந்து அங்கே பயணிகள் பால் பொருளும் இறைச்சியும் கொண்டுபோகக் கூடாது. சட்டப்படி தயிர்சாதம் ஒரு கடத்தல் பொருள். ஆகவே புளிசாதம், பொடி தடவிய இட்லி. பொடிக்கு நெய் வேண்டாம், நல்லெண்ணெய் போதும் என்று கொழுந்தன் சொல்ல, "நெய்யக்கூடவா மோந்து பாப்பாங்க" என்கிறார் அத்தை. நாலு மணிக்கு எழுந்திரிக்க வேண்டும். மிச்சம் நாளைக்கு.

புதன் காலை, ரயிலிலிருந்து

இதைத் தட்டிக்கொண்டிருக்கும்போது ரயில் மணிக்கு 300 கிலோமீட்டரில் போகிறது. டம்ளரில் தண்ணீர் அசையவில்லை. ஆனால் ரயிலுக்கு முன்னால் ஸ்டேஷனைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

ஐந்தே முக்காலுக்கு செயின்ட் பாங்க்ரஸ் ஸ்டேஷன் மேல்தளத்தில், கட்டிப்பிடித்து நிற்கும் ஒரு ஜோடியின் வெண்கலச் சிலைக்கு அடியில் கூட வேண்டும் என்று சொல்லியிருந்தார்கள். 9 மீட்டர் உயரச் சிலை, தவறவிடவே முடியாது. அத்தை ஒருமுறை நிமிர்ந்து பார்த்துவிட்டு, முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார். எங்கள் கைடு ஐம்பது வயதிருக்கும் பெண்மணி. கையில் ஆரஞ்சு நிறக் குடை. லெஸ்டரிலிருந்து வந்த குஜராத்தித் தம்பதி, பிரேசில் கல்லூரிப் பெண்கள், ஒரு கைக்குழந்தைக் குடும்பம் என்று ஒரு பஸ் கொள்ளும் கூட்டம்.

1868இல் திறந்த ஸ்டேஷன் இது. வில்லியம் பார்லோ என்ற பொறியாளர் கட்டிய இரும்புக் கூரை, நடுவில் ஒரு தூண்கூட இல்லாமல் 73 மீட்டர் அகலத்துக்கு ஒரே வளைவாகப் போகிறது. 1960களில் இதை இடித்துவிடலாம் என்ற யோசனை இருந்தது. எதிர்த்து நின்றவர்களில் முக்கியமானவர் கவிஞர் ஜான் பெட்ஜமன். அவருக்கும் மேலே ஒரு சிலை உண்டு, தொப்பியைப் பிடித்தபடி கூரையை அண்ணாந்து பார்க்கிறார். நியாயமாகக் கூட்டத்தை அவர் காலடியில்தான் கூட்டியிருக்க வேண்டும்.

எனக்குப் பிடித்தது கீழே உள்ள நிலவறை. ஸ்டேஷனுக்கு வடக்கே ரீஜன்ட்ஸ் கால்வாய் ஓடுகிறது. அதன் மேலே பாலம் போட்டுத் தண்டவாளத்தைக் கொண்டுவந்ததால் பிளாட்ஃபாரம் தெரு மட்டத்தைவிட உயரத்தில் நின்றது. அடியில் கிடைத்த இடத்தை பர்ட்டன் ஊரிலிருந்து ரயிலில் வரும் பீர் பீப்பாய்களை அடுக்க விட்டார்கள். இரும்புத் தூண்களுக்கு நடுவே எவ்வளவு இடைவெளி என்பதையே பீப்பாய்க் கணக்கில்தான் முடிவு செய்தார்களாம். 2007 நவம்பரில் யூரோஸ்டார் வாட்டர்லூ ஸ்டேஷனை விட்டு இங்கே வந்தபோது அந்த பீர்க் கிடங்குதான் செக்-இன் கூடமானது. பிரிட்டனையும் பிரான்ஸையும் பிரிக்கும் எல்லை இன்றைக்கு அந்தத் தூண்களுக்கு நடுவில்தான் இருக்கிறது.

சும்மா சொல்லவில்லை. டிக்கெட் கேட், பை ஸ்கேனிங் தாண்டினால் வரிசையாகக் கண்ணாடிக் கூண்டுகள். உள்ளே பிரெஞ்சுப் போலீஸ். இரு நாடுகளும் ஒப்பந்தம் போட்டு, ஏறும் இடத்திலேயே இறங்கும் நாட்டின் சோதனையை முடித்துவிடுகிறார்கள். இறங்கியதும் நேரே தெருவுக்குப் போய்விடலாம். என் பாஸ்போர்ட்டைப் புரட்டிய இளைஞர், திரும்புவது எப்போது என்று கேட்டார். இன்றைக்கே என்றேன். ஒருமுறை என்னைப் பார்த்தார், பின்னால் நின்ற அத்தையைப் பார்த்தார், அவர் கையிலிருந்த தூக்குப் போசியைப் பார்த்தார். அப்புறம் முத்திரை விழுந்தது. நட்சத்திர வட்டத்துக்குள் பிரான்ஸுக்கான எழுத்து, மறுமூலையில் குட்டியாக ஒரு ரயில் என்ஜின், உள்ளே நுழையும் அம்புக்குறி. விமானத்தில் வந்தால் விமானப் படம், இங்கே ரயில். பிரிட்டிஷ் பாஸ்போர்ட்காரர்களும் அப்போது இந்த முத்திரையை வாங்கித்தான் போக வேண்டியிருந்தது. 2025 அக்டோபர் 12 முதல் முத்திரைக்குப் பதில் முகப்படமும் கைரேகையும் எடுக்கும் புது முறையைப் படிப்படியாகக் கொண்டுவந்துவிட்டார்கள்; நாங்கள் போனது அதற்குச் சற்று முன். அத்தையின் விரல்களை நினைத்துக்கொண்டேன்.

ரயில் சீமென்ஸ் கட்டியது. 16 பெட்டி, 400 மீட்டர் நீளம், ஏறக்குறைய 900 இருக்கை. நீளத்தில் நம் 16 பெட்டி வந்தே பாரத்தைவிடக் கொஞ்சம்தான் கூடுதல். தூரமும் நமக்குப் பழகியதுதான்: லண்டன் - பாரிஸ் தண்டவாளத் தூரம் 492 கி.மீ., சென்னை - கோயம்புத்தூரும் ஏறத்தாழ அவ்வளவே. நம் வந்தே பாரத் அதை ஆறு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக முடிக்கிறது. இது இரண்டேகால் மணி நேரம் சொச்சம்.

1994இல் இரு நாடுகளுக்கும் நடுவே கடலடிச் சுரங்கம் திறந்தபோது பிரான்ஸ் பக்கம் அதிவேகப் பாதை தயாராக இருந்தது. இங்கிலாந்துப் பக்கம் பழைய புறநகர்ப் பாதையில்தான் ஊர்ந்து வந்தார்கள். பிரான்ஸில் பறந்துவிட்டு, இங்கிலாந்தில் நிதானமாக நாட்டுப்புறத்தை ரசித்துக்கொண்டே போகலாம் என்று பிரெஞ்சு அதிபர் மித்தரான் கிண்டல் செய்தாராம். அந்தக் கிண்டலுக்குப் பதில் சொல்ல பிரிட்டனுக்கு 2007 வரை ஆனது. புதுப் பாதை 108 கி.மீ. கிளம்பியதும் லண்டனுக்கு அடியிலேயே சுரங்கம், வெளியே வந்தால் டாகனம் பக்கத்துத் தொழிற்சாலைகள், பிறகு தேம்ஸ் நதிக்கு அடியில் இன்னொரு சுரங்கம், மெட்வே ஆற்றின் மேல் உயரமான பாலம்.

"ஏங்கண்ணு, கடலு எப்ப வரும்?" தேம்ஸ் சுரங்கத்திலேயே அத்தை கேட்க ஆரம்பித்துவிட்டார்.

இல்லை அத்தை, இது ஆறு. கடல் இன்னும் வரவில்லை.

வந்தபோதும் தெரியவில்லை. ஃபோக்ஸ்டன் அருகே இரண்டு பக்கமும் கம்பிவேலி, ஒரு நிமிடம் வெயில், சட்டென்று இருட்டு, காதில் லேசாக அடைப்பு. அவ்வளவுதான் அறிவிப்பு. சுரங்கம் 50 கிலோமீட்டருக்குச் சற்று அதிகம்; அதில் 38 கி.மீ. கடலுக்கு அடியில். எங்கோ நடுவில் கடல்தரைக்கும் 75 மீட்டர் கீழே போகிறோம். வேகத்தை 160ஆகக் குறைத்துவிடுகிறார்கள், கார்களையும் லாரிகளையும் ஏற்றிச் செல்லும் ரயில்களும் இதே குழாயில்தான் ஓடுகின்றன. போக ஒரு குழாய், வர ஒரு குழாய், நடுவில் ஆட்கள் தப்பிக்கவும் பழுதுபார்க்கவும் சின்னக் குழாய் ஒன்று. தண்ணீரே புகாத சுண்ணாம்புக் களிப்பாறை ஒரு பட்டையாக இரண்டு கரையையும் சேர்த்துக் கிடக்கிறது. அதை விடாமல் பிடித்துக்கொண்டே இரு பக்கமிருந்தும் குடைந்து வந்திருக்கிறார்கள். 1990 டிசம்பர் 1 அன்று நடுக்குழாயில் இரு தரப்பும் சந்தித்துக் கைகுலுக்கியபோது இரண்டு முனைகளுக்கும் இருந்த விலகல் சுமார் 36 சென்டிமீட்டர். எங்கள் தெருவில் சாக்கடை தோண்டியபோது இரண்டு முனையும் சந்திக்கவே இல்லை.

பிரான்ஸ் ரயில்களும் இங்கிலாந்து, இந்தியா போலவே இடது பக்கம் ஓடுபவை. ஆரம்பகாலத்தில் பாதை போட்டவர்களில் ஆங்கிலேயப் பொறியாளர்கள் இருந்ததன் மிச்சம். சாலையில் மட்டும் வலது. ஆகையால் சுரங்கத்துக்குள் பக்கம் மாற வேண்டிய தொல்லை ரயிலுக்கு இல்லை. என் போன் மட்டும் மாறியது: இருட்டுக்குள் 8 மணி, வெளியே 9 மணி.

வெளிச்சம் வந்ததும் அத்தை ஜன்னலில் முகத்தைப் பதித்தார். "கடலு?" தாண்டியாச்சு அத்தை. அவர் நம்பவில்லை. எதிர் சீட்டு குஜராத்தி அம்மாவும் தலையாட்டிச் சாட்சி சொன்ன பிறகே "அட, ஏமாத்திப்போட்டானே" என்று சாய்ந்து உட்கார்ந்தார்.

கலே பக்கத்தில் சுரங்க வாயைச் சுற்றி உயரமான வேலி, முள்கம்பிச் சுருள், கேமராக் கம்பங்கள். எட்டிப் பார்த்தால் கொஞ்ச நேரத்துக்கு அதுதான் பிரான்ஸ். லாரியிலும் ரயிலிலும் ஒளிந்து இங்கிலாந்து போக முயன்ற ஆயிரக்கணக்கானவர்கள் கூடாரம் போட்டுக் கிடந்த ஊர் இது. பெரிய முகாமை 2016 அக்டோபரில் கலைத்தார்கள். அதன் பிறகும் ஆட்கள் ரப்பர் படகில் போய்க்கொண்டுதான் இருக்கிறார்கள். நாங்கள் இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தோம்.

இப்போது வெளியே வெட்டவெளி, காற்றாலைகள், அறுவடை முடிந்த வயல். பக்கத்து நெடுஞ்சாலையில் கார்கள் பின்னோக்கி ஓடுவதுபோல் தெரிகின்றன. முதல் உலகப்போரின் பதுங்குகுழிகள் குறுக்கும் நெடுக்கும் ஓடிய சொம் பகுதி இது. 1993 டிசம்பரில், பாதை திறந்த அதே வருஷம், கனமழையில் போர்க்காலக் குழி ஒன்று தண்டவாளத்துக்கு அடியில் உள்வாங்கி, ஏறக்குறைய 300 வேகத்தில் வந்த டிஜிவி அதிவேக ரயில் தடம் புரண்டது. பெட்டிகள் கவிழவில்லை, யாரும் சாகவில்லை. 75 வருஷம் கழித்து ஒரு பதுங்குகுழி ரயிலைக் கவிழ்க்கப் பார்த்திருக்கிறது! இதை அத்தையிடம் சொல்லவில்லை.

கைடு குடையை எடுத்துவிட்டார். பாரிஸ்.

புதன் இரவு, ஈஸ்ட் ஹாம்

மணி பதினொன்றரை. கால் இரண்டும் கழன்றுவிட்டன. இருந்தாலும் தூங்கி எழுந்தால் மறந்துவிடும்.

பாரிஸைப் பற்றி எழுத வேண்டியவர்கள் நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். நான் பார்த்தது பஸ் ஜன்னல் அளவுக்கான பாரிஸ். கொன்கோர்ட் சதுக்கத்தில் எகிப்திலிருந்து வந்து 1836இல் நட்ட கல்தூண், சாம்ப்ஸ் எலிசே, லூவர் அருங்காட்சியகத்தின் வெளிச்சுவர். நோத்ர தாம் தேவாலயம் 2019 ஏப்ரலில் எரிந்து, சீராக்கி, 2024 டிசம்பரில்தான் திறந்தது. அதன் முன்னால் பஸ் நிற்க இடமில்லை என்று ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டினார்கள். இடது பக்கம் உட்கார்ந்தவர்களுக்குக் கோபுரம் தெரிந்தது. நாங்கள் வலது பக்கம்.

ஈஃபில் கோபுரத்தில்தான் கால் தரையில் பட்டது. டூரில் போனதன் லாபம் இங்கே தெரியும்: முன்பதிவு நேரத்தோடு டிக்கெட் கையில் இருந்தது, இல்லையென்றால் அந்த வரிசையில் பாதி நாள் போயிருக்கும். இரண்டாம் தளம் 115 மீட்டர் உயரம். படியில் ஏறினால் 674 படி, அத்தை முட்டிக்கு லிஃப்ட்தான். மேலிருந்து பார்ப்பதைவிட கீழிருந்து ஒன்றைப் பார்க்கச் சொல்வேன். முதல் தளத்துக்குக் கொஞ்சம் கீழே, நாலு பக்கமும் பெரிய எழுத்தில் பெயர்கள் இருக்கும். பக்கத்துக்கு 18, மொத்தம் 72. லப்லாஸ், ஃபூரியே, ஃபூக்கோ என்று எல்லாம் பிரெஞ்சு விஞ்ஞானிகள், பொறியாளர்கள். காலேஜில் கணக்குப் படித்ததால் சிலரை அடையாளம் தெரிந்தது. ஒரு பெண்கூடக் கிடையாது. வளையும் தகடுகளின் கணக்கைப் போட்டு 1816இல் பிரெஞ்சு அறிவியல் அகாடமியின் பரிசை வாங்கியவர் சோஃபி ஜெர்மேன். இரும்பு வளைவதும் தாங்குவதும்தானே இந்தக் கோபுரமே? அவர் பெயரை விட்டுவிட்டார்கள். கைடிடம் கேட்டேன். தோளைக் குலுக்கி உதட்டைப் பிதுக்கினார். அது அந்த ஊர்ப் பதில் என்று பிறகு புரிந்தது.

கோபுரத்துக்கு எதிரில் பெஞ்சில் உட்கார்ந்து புளிசாதம். பிரேசில் பெண்களில் ஒருத்தி ஒரு வாய் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, கடலைப்பருப்பைக் காட்டி இது என்ன கொட்டை என்றாள்.

படகும் சரி. 2024 ஒலிம்பிக் தொடக்க விழாவில் அணிகள் வந்த அதே ஆறு. 1923இலிருந்து குளிக்கத் தடை இருந்ததை 2025 கோடையில்தான் நீக்கினார்கள். ஒரு மணி நேரத்தில் பாலங்களின் அடிவயிறெல்லாம் பார்த்தாயிற்று.

கோபம் வந்த இடம் ஒன்று. அட்டவணையில் "வாசனைத் திரவிய அனுபவம்" என்று ஒரு வரி இருந்தது. அனுபவம் என்னவென்றால், ஒரு சென்ட் கடையில் முக்கால் மணி நேரம் உள்ளே விட்டு வெளியே வரவிடாமல் பேசினார்கள். தேவாலயத்தின் முன்னால் பஸ் நிற்க ஐந்து நிமிடம் இல்லை, இதற்கு நேரம் இருந்தது. ஒருநாள் டூர் எடுப்பவர்கள் அட்டவணையில் "அனுபவம்", "அறிமுகம்" என்ற வார்த்தைகளைக் கண்டால் உஷாராக இருங்கள், கடை என்று படித்துக்கொள்ளுங்கள். அத்தை மட்டும் கலங்கவில்லை. அங்கே நாற்காலி இருந்தது.

ஐந்தரைக்கு எங்களைக் கார் து நோர் ஸ்டேஷன் வாசலில் இறக்கிவிட்டார்கள். ஐரோப்பாவிலேயே அதிகக் கூட்டம் வந்துபோகும் ஸ்டேஷன். 1864 கட்டடத்தின் முகப்பில் ஊர்களைக் குறிக்கும் 23 சிலைகள், லண்டனுக்கும் ஒன்று. ஆறே முக்காலுக்கு மாடியில் யூரோஸ்டார் வாசலுக்கு வந்துவிட வேண்டும், அதுவரை சுதந்திரம் என்று சொல்லிக் கைடு குடையை மடக்கினார்.

கொழுந்தன் காலையிலேயே சொல்லியிருந்தார்: "அண்ணி, டைம் கெடச்சா ஸ்டேஷனுக்குப் பின்னாடி லா ஷப்பேல் பக்கம் போங்க. அம்மாவுக்கு நல்ல காபி கெடைக்கும்." பத்து நிமிட நடை. ஃபோபூர் சான் தெனி தெருவில் திரும்பியதும் அத்தை நின்றுவிட்டார். போர்டெல்லாம் தமிழ். நகைக்கடை, புடவைக்கடை, சலூன், முருங்கைக்காயும் மரவள்ளியும் அடுக்கிய காய்கறிக்கடை, உள்ளே தகரத்தில் கரண்டி அடிக்கும் கொத்துரொட்டிச் சத்தம். 1980களிலிருந்து, முக்கியமாக 83 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு, அகதிகளாக வந்த ஈழத் தமிழர்கள் கட்டிய தெரு. பக்கத்திலேயே மாணிக்க விநாயகர் ஆலயம் இருக்கிறது. கோடை முடியும்போது தேர் இந்தத் தெருக்களில் வரும், சாலை நெடுக சிதறுதேங்காய் உடைப்பார்கள். இந்த வருஷத் தேர் ஓடி முடிந்திருந்தது.

ஒரு சின்னச் சாப்பாட்டுக் கடையில் நுழைந்தோம். கல்லாவில் இருந்த அம்மாவுக்கு அத்தை வயதைவிடக் கொஞ்சம் குறைவாக இருக்கும்.

"வாங்கோ, இருங்கோ. இந்தியாவோ? கோப்பியோ தேத்தண்ணியோ?"

லண்டனிலிருந்து காலை வந்தோம், இப்போது திரும்புகிறோம் என்றதும் சிரித்தார். "நானும் போன கிழமை போட்டு வந்தனான். தங்கச்சி ஹரோவில இருக்கிறா. முந்தி ஐடி காட்டிப்போட்டுப் போவம். இப்ப பாஸ்போர்ட் வேணும், அதுக்கு மேல காசும் கட்டோணும்." பிரெஞ்சுக் குடியுரிமை உள்ளவர்களும் 2025 ஏப்ரலிலிருந்து பிரிட்டன் போக முன்கூட்டியே மின்னணு அனுமதி வாங்க வேண்டும். அதைத்தான் சொல்கிறார். எங்களுக்கு வாழ்நாளில் ஒருமுறை போகும் டூர். அவருக்குத் தங்கை வீட்டு ரயில்.

அத்தை காலையில் வீட்டை விட்டுக் கிளம்பியதிலிருந்து என்னைத் தவிர யாரிடமும் பேசவில்லை. இங்கே இருபது நிமிடத்தில் அந்த அம்மாவின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள், இடியப்ப மாவு எங்கே வாங்குகிறார்கள், பனிக்காலத்தில் புளித்தமாவு பொங்குமா என்று எல்லாம் தெரிந்துகொண்டுவிட்டார். பேச்சு பாதி புரியவில்லை என்று வெளியே வந்து சொன்னார். நான் கவனித்தவரை இருவருக்குமே அது தடையாக இல்லை. காபிக்குக் காசு வாங்கவில்லை. "அடுத்தமுறை வந்து தாங்கோ." மேசையில் வைத்த ஐந்து யூரோவை அத்தை கையிலேயே திணித்து அனுப்பினார்.

திரும்பும்போது சோதனை தலைகீழ். முதலில் பிரெஞ்சு வெளியேற்ற முத்திரை, நாலு எட்டில் பிரிட்டிஷ் அதிகாரி. லண்டனில் எங்கே தங்குகிறீர்கள், எப்போது ஊருக்கு, யார் வீடு என்று கேட்டார். அத்தைக்காக நான் பதில் சொல்ல ஆரம்பிக்க, அவரைச் சொல்லச் சொன்னார். "சன். ஈஸ்ட் ஹாம்." போதும், விட்டுவிட்டார். என் பாஸ்போர்ட்டில் இப்போது ஒரே பக்கத்தில் ஒரே தேதியில் இரண்டு ரயில் படம். ஒன்றில் அம்பு உள்ளே, ஒன்றில் அம்பு வெளியே.

காத்திருக்கும் கூடத்தில் ஒரு கூத்து. ஐரோப்பாவில் கோமாரி நோய் பரவியதால், பயணிகள் அங்கிருந்து பிரிட்டனுக்குப் பாலாடைக்கட்டி, இறைச்சி எதுவும் கொண்டுவரக் கூடாது என்று 2025 ஏப்ரலில் தடை போட்டிருந்தார்கள். கைடு காலையில் சொன்னதை பிரேசில் பெண்கள் கேட்கவில்லை. வட்டமான மரப்பெட்டியில் ஒரு முழுச் சீஸ் வாங்கியிருந்தார்கள். தூக்கிப்போட மனமில்லாமல் மூன்று பேரும் தரையில் உட்கார்ந்து, ரொட்டியில்லாமல், ஆளுக்கொரு துண்டாகப் பிய்த்துத் தின்று தீர்த்தார்கள். வாசம் மூன்று வரிசைக்கு வந்தது. அத்தை முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டு, "பாவம், பசிபோல" என்றார்.

எட்டு மணி வாக்கில் கிளம்பி, ஒரு மணி நேரம் திரும்பக் கிடைத்து, ஒன்பதரைக்கு லண்டன். கிங்ஸ் கிராஸிலிருந்து இளஞ்சிவப்பு நிற லைனில் ஏறினால் ஈஸ்ட் ஹாமுக்கு மாறாமல் வந்துவிடலாம்.

வியாழன்

தூங்கினோம். முட்டிக்கு ஒத்தடம். போய் வந்தது தேவையா என்று கேட்டால், பாரிஸ் பார்க்க வேண்டும் என்று ஆசைப்படுபவர்களுக்கு இந்த டூரைச் சொல்லமாட்டேன். இரண்டு ராத்திரியாவது தங்குங்கள், அதே விசாதான். ரயிலும் சுரங்கமும் எல்லை தாண்டும் விதமும் பார்க்க வேண்டும் என்பவர்கள் தாராளமாகப் போகலாம். ஆனால் அதற்குக் கைடு வேண்டாம். சில மாதம் முன்னாலேயே டிக்கெட் எடுத்தால் பாதிக் காசில் முடியும்.

சனி, டோவர்

கடலைப் பார்க்கவில்லை என்ற குறை அத்தைக்குப் போகவில்லை. கொழுந்தன் இன்று காரில் டோவர் பக்கம் சாம்ஃபையர் ஹோ என்ற இடத்துக்குக் கூட்டிப்போனார். சுரங்கம் தோண்டிய மண்ணை எங்கே கொட்டினார்கள் என்று யாராவது கேட்டால், இங்கேதான். இங்கிலாந்துப் பக்கம் எடுத்த சுண்ணாம்புக் களியில் 49 லட்சம் கன மீட்டரை வெள்ளைப் பாறைச் சரிவின் அடியில், கடலுக்குள் சுவர் கட்டி நிரப்பியிருக்கிறார்கள். அதற்கு முன் இங்கே அலைதான் இருந்தது. சுமார் 30 ஹெக்டேர் புதுத் தரை; புல் முளைக்கவிட்டு 1997இல் மக்களுக்குத் திறந்துவிட்டார்கள். பாறையைக் குடைந்த ஒற்றைவழிப் பாதையில் சிக்னல் விழும்வரை நின்று இறங்க வேண்டும். ரயில் ஓடி ஓடிச் சுரங்கத்துக்குள் சூடு ஏறிவிடும் என்பதால் குழாய்களில் குளிர்ந்த நீரை அனுப்புகிறார்கள். அந்த நிலையமும் இங்கேதான் இருக்கிறது. கடலடியில் ரயில் போய்க்கொண்டிருக்கிறது என்பதற்கு மேலே தெரியும் அத்தாட்சி அந்த ஒரு கட்டடம்தான்.

அத்தை கடல் சுவரில் உட்கார்ந்து அரை மணி நேரம் பார்த்தார். தெளிவான நாள். எதிரே வெளிறிய கோடாக ஒரு கரை.

"அதா கண்ணு அந்தக் காபிக்காரம்மா ஊரு?"

அந்தப் பக்கம்தான், அத்தை. இன்னும் ரொம்பத் தள்ளி.

அப்போது என் போன் முனகியது. பிரான்ஸுக்கு வரவேற்கிறோம், ரோமிங் கட்டணம் இவ்வளவு என்று மெசேஜ். வெள்ளைப் பாறை இந்தப் பக்கத்து டவரை மறைப்பதால் கரையோரம் நின்றால் அந்தப் பக்கத்து சிக்னல் பிடித்துவிடுமாம். கொழுந்தன் பதறிப்போய், "அண்ணி, டேட்டாவ ஆஃப் பண்ணுங்க மொதல்ல" என்றார். அத்தையின் போனையும் வாங்கி அணைத்தார். பார்க்கிங் நேரம் முடிய பத்து நிமிடம் இருந்தது. டீக்கடையில் ஆளுக்கொரு டீ வாங்கிக்கொண்டு, காரில் உட்கார்ந்து மிச்ச முறுக்கைத் தீர்த்தோம். நாளைக்கு எங்கேயும் போவதில்லை. ஊருக்குப் பெட்டி கட்ட வேண்டும்.